இரு நேர்கோடுகள் வெட்டுமா, இணையா? விடை தவறும் இடத்தைக் கண்டுபிடித்துச் சரிசெய்யும் வழி

இரண்டு நேர்கோடுகளின் சமன்பாடுகள் கையில் இருக்கின்றன. அவை ஒரு புள்ளியில் வெட்டிக்கொள்கின்றனவா, இணையாக ஓடுகின்றனவா, அல்லது இரண்டும் ஒரே கோடுதானா? ஒரு தளத்தில் இந்த மூன்றைத் தவிர நான்காவது வாய்ப்பே கிடையாது. அப்படியிருந்தும் இந்தக் கணக்கில் விடை அடிக்கடி தவறுகிறது. தவறு பெரும்பாலும் கருத்தில் இருப்பதில்லை. குறியிலும் வகுத்தலிலும்தான் இருக்கிறது. கீழே உங்கள் தாளில் தெரியும் அறிகுறியைத் தேடி, அந்தப் பகுதிக்கு நேரே போகலாம். ஆனால் முதல் பகுதியை மட்டும் எல்லோரும் படித்துவிடுங்கள். மற்ற எல்லாம் அதன்மேல்தான் நிற்கின்றன.

எதற்கும் முன்னால்: ஒரே வடிவம், மூன்று பெருக்கல் கழித்தல்கள்

இரண்டு சமன்பாடுகளையும் வலப்பக்கம் 0 மட்டும் இருக்கும்படி மாற்றி எழுதுங்கள்:

𝑎₁𝑥 + 𝑏₁𝑦 + 𝑐₁ = 0
𝑎₂𝑥 + 𝑏₂𝑦 + 𝑐₂ = 0

முதலில் அணிக்கோவை: 𝑎₁𝑏₂ − 𝑎₂𝑏₁. இது 0 இல்லை என்றால் கோடுகள் ஒரே ஒரு புள்ளியில் வெட்டும். கேள்வி அங்கேயே முடிந்தது. இது 0 என்றால் இரண்டு கோடுகளுக்கும் திசை ஒன்று. அப்போது மட்டும் மாறிலிகளைப் பாருங்கள்: 𝑎₁𝑐₂ − 𝑎₂𝑐₁, 𝑏₁𝑐₂ − 𝑏₂𝑐₁. இந்த இரண்டும் 0 ஆனால் ஒரே கோடு. இரண்டில் ஏதாவது ஒன்று 0 இல்லை என்றாலும் இணைகோடுகள்.

பாடப்புத்தகங்களில் இதே விதி 𝑎₁/𝑎₂, 𝑏₁/𝑏₂, 𝑐₁/𝑐₂ என்ற விகிதங்களை ஒப்பிடுவதாக வரும். பொருள் ஒன்றுதான். ஆனால் விகிதத்துக்குப் பகுதி (வகுக்கும் கீழ் எண்) உண்டு. பகுதியில் 0 வந்தால் விகிதம் நின்றுபோகும். பெருக்கலுக்கு அந்தத் தொல்லை இல்லை. வகுக்காமல் முடிவு தெரிகிற இடத்தில் வகுக்கவே வேண்டாம். கீழே வரும் சிக்கல்களில் பாதி இந்தப் பழக்கம் ஒன்றினாலேயே வராமல் போகும்.

அறிகுறி: 𝑥, 𝑦 இரண்டும் காணாமல் போய், 0 = 7 என்று நிற்கிறது

நீக்கல் முறையில் கணக்குப் போடும்போது இது வந்தால் பலர் பதறிப்போய் முதலிலிருந்து தொடங்குகிறார்கள். தேவையில்லை. இதுவே விடை.

2𝑥 − 3𝑦 = 5, 4𝑥 − 6𝑦 = 3 என்று வையுங்கள். முதலாவதை 2-ஆல் பெருக்கினால் 4𝑥 − 6𝑦 = 10. அதிலிருந்து இரண்டாவதைக் கழித்தால் 0 = 7. ஒரே 4𝑥 − 6𝑦 ஒரே நேரத்தில் 10 ஆகவும் 3 ஆகவும் இருக்க முடியாது என்றுதான் இது சொல்கிறது. பொதுப்புள்ளி இல்லை, கோடுகள் இணை.

இரண்டாவது சமன்பாடு 4𝑥 − 6𝑦 = 10 என்று இருந்திருந்தால் 0 = 0 வந்திருக்கும். இதை ‘𝑥 = 0, 𝑦 = 0’ என்று எழுதுவது மிகப் பரவலான பிழை. (0, 0)-ஐ அந்தச் சமன்பாட்டில் போட்டுப் பாருங்கள்: இடப்பக்கம் 0, வலப்பக்கம் 10. பொருந்தவில்லை. 0 = 0 என்றால் இரண்டாவது சமன்பாடு புதிதாக எதையும் சொல்லவில்லை என்று பொருள். கோடு ஒன்றுதான், (1, −1), (4, 1) என்று அதன்மேல் உள்ள புள்ளிகள் எல்லாமே தீர்வுகள்.

இவற்றோடு குழம்பிக்கொள்ளும் மூன்றாவது ஒன்றும் உண்டு. 2𝑥 − 3𝑦 = 6, 4𝑥 + 5𝑦 = 12 என்பதில் நீக்கினால் −11𝑦 = 0 வரும். 0-ஐப் பார்த்தவுடன் ‘தீர்வு இல்லை’ என்று எழுதிவிடக் கூடாது. இங்கே 𝑦 இன்னும் உயிரோடு இருக்கிறது; 𝑦 = 0, 𝑥 = 3. கோடுகள் 𝑥-அச்சின்மேல் வெட்டுகின்றன, அவ்வளவுதான். மாறிகள் இரண்டும் போய்விட்டனவா என்பதைப் பார்த்த பிறகே 0-க்குப் பொருள் சொல்ல வேண்டும்.

அறிகுறி: 𝑥-இன் கெழு இரண்டிலும் ஒன்றுதான், ஆனாலும் ‘வெட்டும்’ என்கிறது விடைத்தாள்

3𝑥 + 𝑦 = 7, 3𝑥 − 2𝑦 = 4. இரண்டிலும் 3 இருக்கிறது, ஆகவே சாய்வு 3, ஆகவே இணை என்று முடிவு கட்டுவது தவறு. 𝑥-இன் கெழு சாய்வாக இருப்பது 𝑦 = 𝑚𝑥 + 𝑐 என்ற வடிவத்தில் மட்டுமே. பொதுவடிவத்தில் சாய்வு −𝑎/𝑏. இங்கே சாய்வுகள் −3, 3/2. கழித்தால் 3𝑦 = 3; 𝑦 = 1, 𝑥 = 2.

−𝑎/𝑏-இல் உள்ள கழித்தல் குறியை மறப்பது வேறொரு கதை. இரண்டு கோடுகளிலும் சேர்ந்தாற்போல் மறந்தால் இணையா என்ற முடிவு சரியாகவே வந்துவிடும், ஏனென்றால் இரண்டு சாய்வுகளும் ஒன்றாகக் குறி மாறுகின்றன. ஒரு கோட்டை 𝑦 = என்று திருப்பி எழுதிச் சாய்வை எடுத்து, மற்றதில் 𝑎/𝑏 என்று வாய்ப்பாட்டிலிருந்து எடுத்தால்தான் பிழை வெளியே தெரியும். இதனால்தான் ‘போன கணக்கு சரியாக வந்ததே, இது ஏன் வரவில்லை’ என்ற குழப்பம் வருகிறது. இரண்டு கோடுகளுக்கும் ஒரே வழியில் சாய்வு எடுங்கள். அல்லது சாய்வையே விட்டுவிட்டு அணிக்கோவையைக் கணக்கிடுங்கள்: 3 × (−2) − 3 × 1 = −9. 0 இல்லை, வெட்டும்.

அறிகுறி: சாய்வே கிடைக்கவில்லை, கால்குலேட்டர் பிழை காட்டுகிறது

𝑦-இன் கெழு 0. அதாவது கோடு செங்குத்தாக நிற்கிறது. 𝑥 = 4 போன்ற கோட்டுக்குச் சாய்வு 0 அன்று; சாய்வு என்ற எண்ணே கிடையாது. சாய்வு 0 என்பது 𝑦 = 4 போன்ற கிடைக்கோட்டுக்கு.

ஒரு கோடு மட்டும் செங்குத்து என்றால் வெட்டியே தீரும்: 𝑥 = 4-ஐ 𝑦 = 3𝑥 − 1-இல் போட்டால் (4, 11). இரண்டுமே செங்குத்து என்றால்தான் கவனம் வேண்டும். 𝑥 − 4 = 0, 2𝑥 − 5 = 0 என்ற இரண்டை எடுத்துக்கொள்வோம். அணிக்கோவை 1 × 0 − 2 × 0 = 0. திசை ஒன்று. இனி மாறிலிச் சோதனை. 𝑏₁𝑐₂ − 𝑏₂𝑐₁-ஐ மட்டும் பார்த்தால் 0 × (−5) − 0 × (−4) = 0; ஒரே கோடு என்று தவறாகச் சொல்லிவிடும். 𝑏 இரண்டும் 0 ஆகையால் அந்தப் பெருக்கல் எதைக் கொடுத்தாலும் 0-தான் தரும், அதற்கு இங்கே கண் தெரியாது. மற்றதையும் பாருங்கள்: 1 × (−5) − 2 × (−4) = 3. 0 இல்லை, ஆகவே இணை. கிடைக்கோடுகளில் இதற்கு நேர்மாறாக 𝑎, 𝑐 பெருக்கல் குருடாகிவிடும். இரண்டு மாறிலிச் சோதனைகளையும் செய்யச் சொன்னது இதற்காகத்தான்.

மாறிலி 0 ஆக இருக்கும்போதும் விகிதம் இதேபோல் தடுமாறும். 2𝑥 + 3𝑦 = 0, 4𝑥 + 6𝑦 = 0 என்பதில் 𝑐₁/𝑐₂ என்பது 0/0. இரண்டும் ஆதிப்புள்ளி (0, 0) வழியாகப் போகும் ஒரே கோடு என்பது பெருக்கலில் தயங்காமல் வந்துவிடும்.

அறிகுறி: இணையா, ஒரே கோடா என்பது மட்டும் தவறுகிறது

அணிக்கோவை சரி, மாறிலியில்தான் கோளாறு. ஒரு சமன்பாட்டில் மாறிலி இடப்பக்கத்திலும் மற்றதில் வலப்பக்கத்திலும் இருக்கிறதா பாருங்கள்.

3𝑥 − 2𝑦 + 6 = 0
6𝑥 − 4𝑦 = 12

3/6, −2/−4, 6/12. மூன்றும் 1/2, ஆகவே ஒரே கோடு என்று தோன்றும். ஆனால் 12 வலப்பக்கம் இருக்கிறது. இடப்பக்கம் கொண்டுவந்தால் −12. மூன்றாவது விகிதம் −1/2. இவை இணைகோடுகள். எதிர்த்திசையிலும் ஏமாறலாம்: −6𝑥 + 4𝑦 − 12 = 0 பார்க்க முற்றிலும் வேறாகத் தெரிந்தாலும் முதல் கோட்டை −2-ஆல் பெருக்கியதுதான்; அதே கோடு.

அறிகுறி: வெட்டும் புள்ளி கிடைத்தது, சரிபார்த்தேன், பொருந்துகிறது, ஆனாலும் தவறு என்கிறார்கள்

எந்தச் சமன்பாட்டில் சரிபார்த்தீர்கள் என்பதுதான் கேள்வி. 4𝑥 − 3𝑦 = 11, 4𝑥 + 5𝑦 = 3 என்று எடுத்துக்கொண்டு பிழையை அருகே போய்ப் பார்ப்போம். முதலாவதிலிருந்து இரண்டாவதைக் கழிக்கும்போது −3𝑦 − 5𝑦 = −8𝑦 என்று வர வேண்டும். அவசரத்தில் 2𝑦 என்று எழுதிவிட்டோம். 2𝑦 = 8, 𝑦 = 4. இதை முதல் சமன்பாட்டில் போட்டு 𝑥 = 23/4 என்று கண்டுபிடிக்கிறோம். சரிபார்க்க மறுபடி முதல் சமன்பாட்டையே எடுத்தால் 23 − 12 = 11. பொருந்துகிறது! பொருந்தத்தான் செய்யும்; அந்த 𝑥-ஐ அதே சமன்பாட்டிலிருந்துதானே எடுத்தோம். 𝑦 எவ்வளவு தவறாக இருந்தாலும் அங்கே பிழை தெரியவே தெரியாது. இரண்டாவதில் போட்டால் 23 + 20 = 43; வர வேண்டியது 3. அப்போதுதான் குட்டு உடைகிறது. பிரதியிட்ட சமன்பாட்டை விட்டு, மற்றதில்தான் சரிபார்க்க வேண்டும்.

சரியான கணக்கு: −8𝑦 = 8, 𝑦 = −1, 𝑥 = 2.

குறுக்குப் பெருக்கல் முறையில் வேறொரு தடயம் கிடைக்கும். எண்கள் சரி, ஆனால் 𝑥, 𝑦 இரண்டின் குறியும் தலைகீழ்: (2, −1) வர வேண்டிய இடத்தில் (−2, 1). இதைக் கண்டால் வேறெங்கும் தேட வேண்டாம். 𝑥 = (𝑏₁𝑐₂ − 𝑏₂𝑐₁)/(𝑎₁𝑏₂ − 𝑎₂𝑏₁), 𝑦 = (𝑐₁𝑎₂ − 𝑐₂𝑎₁)/(𝑎₁𝑏₂ − 𝑎₂𝑏₁) என்ற வாய்ப்பாடு வலப்பக்கம் 0 உள்ள வடிவத்துக்கு எழுதப்பட்டது. அதில் −11, −3 என்று போட வேண்டியதற்குப் பதிலாக 11, 3 என்று போட்டிருக்கிறீர்கள். மேலே உள்ள எண்களை வைத்தே பார்க்கலாம்: சரியாகப் போட்டால் 𝑥 = (9 + 55)/32 = 2; தவறாகப் போட்டால் (−9 − 55)/32 = −2. அணிக்கோவைகளை வகுத்துத் தீர்வு காணும் கிராமரின் விதி மாறிலிகளை வலப்பக்கம் வைத்து எழுதப்படுவதால் இரண்டு வாய்ப்பாடுகளையும் கலந்து நினைவில் வைத்திருப்பவர்களுக்கு இது நேரும்.

அறிகுறி: வரைபடத்தில் இணையாகத் தெரிகிறது, சமன்பாடு வெட்டும் என்கிறது

சமன்பாட்டை நம்புங்கள். 𝑦 = 0.5𝑥 + 1, 𝑦 = 0.48𝑥 + 2 என்ற கோடுகளை −10 முதல் 10 வரை வரைந்தால் ஒரு முனையில் இடைவெளி 1.2, மறுமுனையில் 0.8. பென்சில் கோட்டில் இந்த வேறுபாட்டைக் கண் எளிதில் பிடிக்காது. ஆனால் 0.02𝑥 = 1; அவை (50, 26)-இல் வெட்டுகின்றன, தாளுக்கு வெகு வெளியே.

இரு அச்சுகளுக்கும் வெவ்வேறு அளவுத்திட்டம் எடுத்ததுதான் காரணம் என்று சிலர் சந்தேகிப்பார்கள். அது ஒன்றுக்கொன்று செங்குத்தான கோடுகளின் கோணத்தை மாற்றிக் காட்டலாம். ஆனால் இணைகோடுகளை வெட்டுவதாகவோ, வெட்டுபவற்றை இணையாகவோ ஒருபோதும் மாற்றாது. அளவுத்திட்டம் இரண்டு சாய்வுகளையும் ஒரே எண்ணால்தான் பெருக்குகிறது.

இதற்கு நேர் எதிரான சிக்கலும் உண்டு: இணையாக இருக்க வேண்டியவை எங்கோ தொலைவில் வெட்டுவதாக விடை வருவது. இதற்குக் காரணம் பெரும்பாலும் முழுதாக்கல். 𝑦 = 𝑥/3 + 2, 𝑥 − 3𝑦 = 9 இரண்டும் இணை. முதலாவதில் 1/3-ஐ 0.33 என்று எழுதிவிட்டு, இரண்டாவதை 𝑦 = 𝑥/3 − 3 என்று அப்படியே விட்டால், 𝑥/300 = 5; 𝑥 = 1500, 𝑦 = 497 என்று ஒரு புள்ளி முளைக்கும். சரிபார்த்தாலும் பொருந்தும், ஏனென்றால் 0.33 சாய்வுள்ள கோடு உண்மையிலேயே அங்கே வெட்டுகிறது. அது நீங்கள் கேட்ட கோடு இல்லை. பின்னத்தைப் பின்னமாகவே வையுங்கள். தசமக் கெழுக்கள் கொடுக்கப்பட்டிருந்தால் 100 அல்லது 1000-ஆல் பெருக்கி முழு எண்ணாக்கிய பிறகு அணிக்கோவையைக் கணக்கிடுங்கள்.

அறிகுறி: ‘இணையாக இருக்க 𝑘-இன் மதிப்பு என்ன’ என்றதில் ஒரு விடை கூடுகிறது, அல்லது குறைகிறது

கூடினால், அணிக்கோவையோடு நிறுத்திவிட்டீர்கள். 𝑘𝑥 + 2𝑦 = 4, 8𝑥 + 𝑘𝑦 = 𝑘 + 4 என்பதில் 𝑘² − 16 = 0; 𝑘 = 4 அல்லது −4. ஒவ்வொன்றையும் திரும்பப் போட்டுப் பாருங்கள். 𝑘 = 4 என்றால் 4𝑥 + 2𝑦 = 4, 8𝑥 + 4𝑦 = 8; இது ஒரே கோடு. 𝑘 = −4 என்றால் −4𝑥 + 2𝑦 = 4, 8𝑥 − 4𝑦 = 0; இணை. ஆகவே விடை −4 மட்டும்.

குறைந்தால், எங்கோ 𝑘-ஆல் வகுத்திருக்கிறீர்கள். 𝑘𝑥 + 3𝑦 = 1, 𝑘𝑥 + (𝑘 + 1)𝑦 = 5 என்பதில் 𝑘/𝑘 = 1 என்று சுருக்கினால் 𝑘 = 2 மட்டுமே வரும். பெருக்கினால் 𝑘(𝑘 + 1) − 3𝑘 = 𝑘(𝑘 − 2) = 0; 𝑘 = 0-உம் இருக்கிறது. அப்போது கோடுகள் 3𝑦 = 1, 𝑦 = 5 என்ற இரண்டு கிடைக்கோடுகள்; இணைதான். 𝑘-இன் ஏதாவது மதிப்புக்கு ஒரே சமன்பாட்டில் 𝑎, 𝑏 இரண்டுமே 0 ஆகிவிட்டால் அது கோடே அன்று. அந்த மதிப்பைத் தள்ளிவிட வேண்டும்.

அறிகுறி: சமன்பாட்டில் வெட்டுகின்றன, படத்தில் தொடவே இல்லை

படத்தில் இருப்பவை கோட்டுத்துண்டுகளாக இருக்கும். (0, 0), (2, 2) புள்ளிகளை இணைக்கும் துண்டும் (5, 1), (7, −1) புள்ளிகளை இணைக்கும் துண்டும் நீட்டினால் (3, 3)-இல் சேரும், துண்டுகளாகச் சேராது. முதல் துண்டை (2𝑡, 2𝑡) என்றும் இரண்டாவதை (5 + 2𝑠, 1 − 2𝑠) என்றும் எழுதினால் 𝑡 = 1.5, 𝑠 = −1. இரண்டுமே 0 முதல் 1 வரை இருந்தால்தான் துண்டுகள் வெட்டும். ஒன்று வெளியே போனாலும் வெட்டாது.

அறிகுறி: கணினி நிரலில் இணைகோடுகளுக்கு 18,00,00,00,00,00,00,000 போன்ற ஆயங்கள் வருகின்றன

கணினியில் 0.1 + 0.2 கூட்டினால் 0.30000000000000004 வரும், 0.1-ஐ இரும எண்ணாக முடிவுறு இலக்கங்களில் எழுத முடியாததே காரணம். ஆகவே ஒரு கோட்டின் கெழு கூட்டி வந்ததாகவும் மற்றதன் கெழு நேரடியாக 0.3 ஆகவும் இருந்தால் அணிக்கோவை 0 ஆகாமல் 10⁻¹⁷ அளவில் ஒரு தூசியாக நிற்கும். அதனால் வகுத்தால் மேலே உள்ள பூதாகரமான எண் கிடைக்கும்.

‘அணிக்கோவை 0.000001-க்குக் குறைவா’ என்று பார்ப்பது பாதித் தீர்வுதான். 0.0001𝑥 + 0.0002𝑦 = 1, 0.0002𝑥 − 0.0001𝑦 = 1 இரண்டும் ஒன்றுக்கொன்று செங்குத்து; ஆனால் அணிக்கோவை −0.00000005. அந்தச் சோதனை இவற்றை இணை என்று சொல்லிவிடும். அணிக்கோவையை √(𝑎₁² + 𝑏₁²) × √(𝑎₂² + 𝑏₂²) ஆல் வகுத்தால் கிடைப்பது கோடுகளுக்கு இடைப்பட்ட கோணத்தின் சைன். அதன் குறியில்லா மதிப்பை ஒரு சிறிய எல்லையோடு, உதாரணமாக 10⁻⁹ உடன், ஒப்பிடுங்கள். சமன்பாட்டை எத்தனையால் பெருக்கினாலும் இது மாறாது. கெழுக்கள் அளந்து எடுத்தவை என்றால் எல்லையை அளவீட்டின் துல்லியத்துக்கு ஏற்பப் பெரிதாக்க வேண்டும்.

முழு எண் கெழுக்களுக்கு எல்லையே வேண்டாம், நேரடியாக 0-உடன் ஒப்பிடலாம். ஆனால் 32 பிட் முழு எண்ணின் உச்சம் 2,147,483,647. கெழு 50,000 தாண்டினாலே பெருக்கல் அதை மீறிக் குறி மாறிய குப்பையைத் தரும். பெருக்கலை 64 பிட்டில் செய்யுங்கள்.

அறிகுறி: முப்பரிமாணத்தில் இணையும் இல்லை, வெட்டவும் இல்லை

இங்கே பிழை இல்லாமலும் இருக்கலாம். முப்பரிமாண வெளியில் நான்காவது வாய்ப்பு உண்டு: ஒரு தளம் அமையாக் கோடுகள். மேம்பாலத்தின் சாலையும் அதன் அடியில் குறுக்கே போகும் சாலையும் போல.

அப்படி முடிவு கட்டுமுன் துணையலகை, அதாவது கோட்டின்மேல் புள்ளியை நகர்த்தும் எழுத்தை, பாருங்கள். (1 + 𝑠, 2 − 𝑠, 3 + 2𝑠), (−2 + 2𝑡, −1 + 𝑡, 3 + 𝑡) என்று இரண்டுக்கும் வெவ்வேறு எழுத்து வேண்டும். இரண்டிலும் 𝑡 என்றே எழுதினால் 𝑥-இலிருந்து 𝑡 = 3, 𝑦-இலிருந்து 𝑡 = 1.5 என்று முரண் வந்து, வெட்டாது என்று தோன்றும். ஒரே எழுத்தைப் போட்டதால், இருவர் ஒரே நொடியில் அந்த இடத்தில் சந்திக்கிறார்களா என்ற வேறு கேள்வியைக் கேட்டுவிட்டோம். தனி எழுத்துகளோடு 𝑥, 𝑦 சமன்பாடுகளைத் தீர்த்தால் 𝑠 = 1, 𝑡 = 2. இதை 𝑧-இல் போடுங்கள்: 3 + 2 = 5, 3 + 2 = 5. கோடுகள் (2, 1, 5)-இல் வெட்டுகின்றன. இரண்டாவது கோட்டின் 𝑧 மட்டும் 4 + 𝑡 என்று இருந்திருந்தால் 5-க்கு எதிரே 6 நின்றிருக்கும். அப்போதுதான் அவை ஒரு தளம் அமையாக் கோடுகள்.